பாலக்ஸ்: ஒரு பச்சையான ஆங்கிலச் சொல்லைப் பொருள் பிசகாமல் படிக்கும் முறை

துணைத்தலைப்பு எழுதப் பழகிக்கொண்டிருந்த காலத்தில், இங்கிலாந்துக் கதாபாத்திரம் ஒன்று தன் வேனின் போனட்டைத் தட்டியபடி "திஸ் வேன் இஸ் த டாக்ஸ் பாலக்ஸ்" என்று சொல்லும் வசனத்துக்கு, "இந்த வண்டி நாய்க்குக்கூட ஆகாது" என்று தமிழ் எழுதிக் கொடுத்தேன். அந்த மனிதர் வண்டியைத் தட்டியது கோபத்தில் அன்று, பெருமையில் என்பதைச் சரிபார்ப்பவர் சுட்டிக்காட்டிய பிறகுதான், 'நாயின் விதைகள்' என்று நேர்ப்பொருள் தரும் அந்தத் தொடர், பிரிட்டிஷ் பேச்சுவழக்கில் 'இதற்கு மேல் ஒன்றில்லை' என்னும் உச்சகட்டப் பாராட்டு என்று தெரிந்துகொண்டேன். அகராதியில் அந்தச் சொல்லுக்கு முதலில் கண்ட பொருளைக் கொண்டு போய் வசனத்தில் ஒட்டியதுதான் என் தவறு. பிரிட்டிஷ் நாவல்களையும் தொடர்களையும் தமிழாக்குகிறவர்களும், தாமே படித்துப் புரிந்துகொள்ள விரும்புகிறவர்களும் அதே குழியில் விழாமலிருக்க, இந்தச் சொல்லை அணுகும் முறையை இங்கே எழுதுகிறேன். சொல் பச்சையானது என்பதால் விளக்கமும் ஓரளவு பச்சையாகத்தான் இருக்கும்.

முதலில் அதன் வேரைப் பிடித்துக்கொள்ள வேண்டும். பாலக்ஸ் (bollocks) என்பது பன்மை, ஒருமை பாலக். பழைய ஆங்கிலத்தில் 'பெயலுக்' என்ற வடிவில், ஏறத்தாழ ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே, ஆணின் விதையைக் குறிக்க இது எழுதப்பட்டிருக்கிறது. பந்தைக் குறிக்கும் 'பால்' என்ற சொல்லோடு ஒரே குடும்பம். கடைசியில் நிற்கும் 'அக்' என்பது சிறுமையைக் காட்டும் விகுதி. சிறு குன்றைக் குறிக்கும் 'ஹில்லக்' என்ற சொல்லிலும் அதே விகுதிதான் இருக்கிறது. எனவே நேர்ப்பொருள் 'சிறு உருண்டை' என்பதே. இதில் வசவு எதுவும் இல்லை. தமிழில் விதை, காய், கொட்டை என்று தாவரத்திலிருந்து கடன் வாங்கியதைப் போல அவர்கள் பந்திலிருந்து கடன் வாங்கியிருக்கிறார்கள். மாட்டுக்குக் 'காயடிக்கிற' வேலையை ஊரில் யாரும் குரலைத் தாழ்த்திச் சொல்வதில்லை அல்லவா, அந்த நிலையில்தான் இடைக்கால இங்கிலாந்தில் இந்தச் சொல்லும் இருந்தது.

அதற்குச் சான்று வேறு எங்கும் இல்லை, விவிலியத்திலேயே இருக்கிறது. 1380-களில் உருவான வைக்ளிஃப் ஆங்கில விவிலியத்தில், லேவியராகமம் 22-ஆம் அதிகாரத்தில், பலிக்கு ஆகாத விலங்குகளைப் பற்றிச் சொல்லுமிடத்தில் 'பாலக்' என்ற சொல்லே கூச்சமின்றி இடம்பெறுகிறது. 1611-இல் வெளிவந்த ஜேம்ஸ் மன்னர் பதிப்போ, உபாகமம் 23-ஆம் அதிகாரத்தில் அதே உறுப்பைச் சொல்ல நேர்ந்தபோது 'கற்கள்' என்று நாகரிகமாக எழுதிவிட்டு நகர்ந்தது. (நம் பழைய தமிழ் விவிலியம் அந்த இடத்தில் 'விதையடிக்கப்பட்டவன்' என்று நேராகவே சொல்கிறது.) இந்த இரண்டு நூற்றாண்டுகளுக்கு இடையில்தான் சொல்லின் மானம் போயிற்று என்று வைத்துக்கொள்ளலாம். ஆகவே நீங்கள் படிக்கும் ஆங்கில நூல் எந்தக் காலத்தைச் சேர்ந்தது என்று பார்ப்பது முதல் வேலை. பதினான்காம் நூற்றாண்டுக்காரர் எழுதியிருந்தால் அது உடற்கூற்றுச் சொல். பதினெட்டாம் நூற்றாண்டுக்காரர் எழுதியிருந்தால் கொச்சை. இருபதாம் நூற்றாண்டுக்காரர் எழுதியிருந்தால் பெரும்பாலும் அது உறுப்பைப் பற்றிய பேச்சே அன்று.

காலத்தைக் கவனிக்காமல் விடுவதால் வரும் குழப்பத்துக்கு ஒரு கத்தி நல்ல எடுத்துக்காட்டு. இடைக்காலத்தில் இங்கிலாந்திலும் ஸ்காட்லாந்திலும் ஆண்கள் இடுப்பில் செருகிய ஒருவகைக் குத்துவாளின் பிடி, அடியில் இரண்டு உருண்டைகளும் அவற்றிலிருந்து மேலெழும் தண்டுமாக இருந்ததால், அதற்குப் 'பாலக் டாகர்' என்றே பெயர். 1545-இல் மூழ்கி 1982-இல் கடலடியிலிருந்து மீட்கப்பட்ட 'மேரி ரோஸ்' போர்க்கப்பலில் இவ்வகை வாட்களின் மரப்பிடிகள் பல கிடைத்தன. விக்டோரியா காலத்து அறிஞர்களுக்கு அந்தப் பெயரை உச்சரிக்க நா எழாததால், உருண்டைகள் சிறுநீரகம் போல் இருப்பதாகச் சொல்லி 'கிட்னி டாகர்' என்று பெயர் மாற்றிவிட்டார்கள். பழைய அருங்காட்சியகக் குறிப்புகளில் கிட்னி டாகர் என்று கண்டால், சிறுநீரகத்தில் குத்துவதற்கான வாள் என்று விளக்கம் எழுதிவிடக் கூடாது.

அடுத்து, இன்றைய வழக்கு. இங்கே நான் கைக்கொள்ளும் முறை எளிது: அந்தச் சொல்லை மறைத்துவிட்டு, அதற்கு முன்னும் பின்னும் நிற்கும் சிறு சொற்களை மட்டும் பார்ப்பேன். பொருளைத் தீர்மானிப்பவை அவைதாம்.

"தட்ஸ் பாலக்ஸ்" என்று ஒருவர் சொன்னால், 'சுத்தப் பேத்தல்', 'பொய்', 'உளறல்' என்று பொருள். "தட்ஸ் த பாலக்ஸ்" என்றால், 'அபாரம்', 'இதுதான் சரக்கு' என்று பொருள். இரண்டுக்கும் இடையில் இருப்பது 'த' என்ற ஒரே ஒரு எழுத்துதான். அந்த ஓரெழுத்து பழிப்பைப் பாராட்டாகப் புரட்டிவிடுகிறது. முன்னால் நாய் வந்து உட்கார்ந்துவிட்டால் ஐயத்துக்கே இடமில்லை, பாராட்டுதான். நாயின் விதைகளுக்கு அந்தச் சிறப்பு எப்படி வந்தது என்பதற்குப் பல கதைகள் சொல்வார்கள். அவற்றுள் எதையும் நம்பி எழுத வேண்டாம் என்பது என் கருத்து. ஆனால் ஒரு செய்தி உறுதியானது: பாராட்டாக அச்சில் பரவுவதற்குப் பல ஆண்டுகளுக்கு முன்பே, முக்காற்புள்ளியையும் அதையொட்டி ஒரு நீண்ட கோட்டையும் சேர்த்துப் போடும் குறியை அச்சுக்கோப்பவர்கள் 'நாயின் பாலக்ஸ்' என்று அழைத்ததாக எரிக் பார்ட்ரிஜ் தொகுத்த கொச்சைமொழி அகராதியின் 1949-ஆம் ஆண்டுப் பதிப்பு பதிந்து வைத்திருக்கிறது. அந்தக் குறியைத் தாளில் போட்டுப் பார்த்தால், பெயர் வைத்தவரின் கண் எங்கே போயிருக்கிறது என்பது விளங்கும்.

பின்னால் 'இங்' சேர்ந்து 'பாலக்கிங்' என்றானால் உறுப்பும் இல்லை, உளறலும் இல்லை. மேலதிகாரியிடம் வாங்கிக் கட்டிக்கொள்வது என்று பொருள். "ஐ காட் எ ரைட் பாலக்கிங்" என்பதை 'செம டோஸ் வாங்கினேன்' என்று எழுதினால் அளவு சரியாக இருக்கும். 'கண்டிக்கப்பட்டேன்' என்று எழுதினால் சொன்ன ஆளே மாறிவிடுவார். ஒருமையில் "ட்ராப்ட் எ பாலக்" என்று வந்தால் பெரிய தவறு செய்துவிட்டார் என்று பொருள். இந்தத் தொடரில் பன்மை வராது. பின்னால் 'அப்' வந்தால் காரியத்தைச் சொதப்பிவிட்டார். பின்னால் 'நேக்கட்' வந்தால் பிறந்த மேனியாக நிற்கிறார். 'ஆஃப்' வந்தால் அளவுக்கு மீறி எதையோ செய்கிறார் அல்லது படுகிறார்: உழைப்பாக இருக்கலாம், குளிராக இருக்கலாம். "ஹி ஹேட் த பாலக்ஸ் டு சே இட்" என்பதில் துணிச்சல். தமிழில் 'தில்' என்ற சொல் இங்கே கச்சிதமாக உட்காரும். துணிச்சலைச் சொல்லும்போதும் 'த' வருகிறதே, பிறகு பாராட்டிலிருந்து எப்படிப் பிரிப்பது என்று கேட்கலாம், வினைச்சொல்லைப் பாருங்கள். 'இஸ்' என்றால் பாராட்டு, 'ஹேவ்', 'ஹேட்' என்றால் துணிச்சல்.

அயர்லாந்துக்குப் போனால் இன்னொரு திருப்பம். அங்கே ஓர் ஆளையே 'பாலக்ஸ்' என்பார்கள். எழுத்திலும் கடைசியில் எக்ஸ் போட்டு எழுதுவதுண்டு. நண்பர்களுக்கிடையில் அது 'அடப்பாவி'; சண்டையில் வேறு. அமெரிக்கர்களோ இந்தச் சொல்லைப் பெரும்பாலும் பிரிட்டிஷ்காரர்களின் வேடிக்கையாகவே கேட்கிறார்கள். அதன் காரம் அவர்களுக்கு எட்டுவதில்லை. ஆகவே அமெரிக்கக் கதாபாத்திரம் ஒன்று இதைச் சொன்னால், அது பிரிட்டிஷ்காரரைப் போல நடிக்கிறதா என்று ஒருமுறை பாருங்கள்.

தனியாக, வெறும் "பாலக்ஸ்!" என்று வந்தால் முகத்தையும் குரலையும் பார்த்துத்தான் முடிவுசெய்ய வேண்டும்: காலில் சுத்தியல் விழுந்தவர் சொன்னால் 'சனியனே', எதிராளி பேசி முடித்தவுடன் சொன்னால் 'சும்மா கதை விடாதீர்'. பின்னால் 'டு' என்று வேற்றுமை வந்தால் எதையோ தூக்கியெறிகிறார். 2019-ஆம் ஆண்டு ஐரோப்பிய நாடாளுமன்றத் தேர்தலில் ஐரோப்பிய ஒன்றியத்திலிருந்து பிரிட்டன் விலகும் 'பிரெக்ஸிட்' திட்டத்தை எதிர்த்த லிபரல் டெமாக்ரட் கட்சி தன் தேர்தல் அறிக்கையின் அட்டையிலேயே "பாலக்ஸ் டு பிரெக்ஸிட்" என்று அச்சிட்டது. இதற்குத் தமிழ் தேடி நான் அலைந்ததில்லை. பெரியாரின் மேடைப் பேச்சிலிருந்து நம் காதில் ஏறிய ஒரு காய்கறி கைவசம் இருக்கிறது. 'பிரெக்ஸிட்டாவது வெங்காயமாவது' என்று எழுதினால் பொருளும் வந்துவிடும், அரசியல் மேடையின் நெடியும் வந்துவிடும்.

இவ்வளவு பொருள்கள் ஒரே சொல்லில் எப்படிக் குடியேறின என்ற கேள்வி ஒரு நீதிமன்றத்துக்கே போயிருக்கிறது. இந்தச் சொல்லின் வரலாற்றில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி அதுதான். 1977 அக்டோபர் இறுதியில் 'செக்ஸ் பிஸ்டல்ஸ்' என்ற பங்க் இசைக்குழு, தலைப்பிலேயே இந்தச் சொல்லை வைத்து ஓர் இசைத்தட்டை வெளியிட்டது. நாட்டிங்ஹாமில் ஒரு கடை அதன் அட்டையைக் கண்ணாடிச் சாளரத்தில் வைத்ததற்காக, 1889-ஆம் ஆண்டின் ஆபாச விளம்பரச் சட்டத்தின்கீழ் கடை மேலாளர்மீது காவல்துறை வழக்குத் தொடுத்தது. நவம்பரில் வழக்கு விசாரணைக்கு வந்தபோது, எழுத்தாளரும் வழக்கறிஞருமான ஜான் மார்ட்டிமர் கடை மேலாளர் தரப்பில் வாதாடினார். நாட்டிங்ஹாம் பல்கலைக்கழகத்தின் ஆங்கிலப் பேராசிரியர் ஜேம்ஸ் கின்ஸ்லி சாட்சிக் கூண்டில் ஏறி, அது பழைய ஆங்கிலச் சொல் என்றும், விவிலிய மொழிபெயர்ப்பில் இருக்கிறது என்றும், பிற்காலத்தில் பாதிரியார்களுக்குப் பட்டப்பெயராக வழங்கியது என்றும், பாதிரியார்கள் நிறைய உளறுவதாகப் பெயர் இருந்ததால் அதிலிருந்தே 'உளறல்' என்ற பொருள் கிளைத்தது என்றும் எடுத்துரைத்தார். நீதிபதிகள் முகத்தைச் சுளித்துக்கொண்டே, வேண்டாவெறுப்பாக, குற்றமில்லை என்று தீர்ப்பளித்தார்கள்.

பட்டப்பெயர் உண்மைதான்: 1785-இல் ஃபிரான்சிஸ் க்ரோஸ் வெளியிட்ட கொச்சைமொழி அகராதி, இந்தச் சொல்லுக்கு விதை என்ற பொருளோடு பாதிரியாரைக் குறிக்கும் கொச்சைப் பெயர் என்ற பொருளையும் தருகிறது. ஆனால் பாதிரியாரிடமிருந்துதான் உளறல் பிறந்தது என்பதை நான் அப்படியே ஏற்கத் தயங்குவேன். 'பால்ஸ்' என்ற எளிய உறவுச்சொல்லும் பத்தொன்பதாம் நூற்றாண்டிலேயே உளறல் என்ற பொருளைப் பெற்றுவிட்டது. அதற்குப் பாதிரியார் எவருடைய உதவியும் தேவைப்படவில்லை. வழக்கில் ஒரு கடைக்காரரைக் காப்பாற்றச் சொன்ன விளக்கத்தைச் சொற்பிறப்பாக எழுதுவதற்கு முன், எழுதுகிறவர் சற்று நிதானிப்பது நல்லது.

இனி, தமிழில் எவ்வளவு காரம் போடுவது என்ற கேள்வி. விளம்பரத் தர ஆணையமும் பிபிசியும் வேறு சில அமைப்புகளும் சேர்ந்து 2000-இல் வெளியிட்ட கருத்தாய்வில், பிரிட்டிஷ் மக்கள் இந்தச் சொல்லைக் கடுமையில் எட்டாவது இடத்தில் வைத்தார்கள். 2016-இல் ஒளிபரப்பு ஒழுங்கு அமைப்பான ஆஃப்காம் நடத்திய ஆய்வில் இது நடுத்தர வகையில் சேர்ந்தது. அதாவது, தாத்தா பேரனுக்கு முன்னால் சொல்லிவிட்டால் பாட்டி முறைப்பாள், வீடு இரண்டுபடாது. தமிழில் உறுப்பைப் பெயர் சொல்லித் திட்டும் வசவுகள் இதைவிடப் பல மடங்கு காரமானவை என்பதால், அவற்றைக் கொண்டு இதை ஈடுகட்டக் கூடாது. 'மண்ணாங்கட்டி', 'பேத்தல்', 'சொதப்பல்', 'டுபாக்கூர்' என்ற வரிசையே இதற்குரிய சூடு. உறுப்பு தமிழில் காணாமல் போகிறதே என்று வருந்த வேண்டியதில்லை. சொன்ன ஆங்கிலேயர் மனத்திலும் அந்த நேரத்தில் உறுப்பு இருப்பதில்லை.

கடைசியாக, சொல்லே தென்படாமல் ஒளிந்திருக்கும் இடங்களையும் கவனிக்க வேண்டும். 'காப்ளர்ஸ்' என்ற சொல் செருப்புத் தைப்பவரைக் குறிப்பது. ஆனால் ஒரு சொல்லுக்குப் பதிலாக அதற்கு எதுகையான தொடரின் முதற்சொல்லை மட்டும் சொல்லும் லண்டன் கிழக்குப் பகுதி எதுகைக் கொச்சையில், செருப்புத் தைப்பவரின் குத்தூசிகளான 'ஆல்ஸ்' என்ற சொல் 'பால்ஸ்' என்பதற்கு எதுகையாக அமைவதால், "வாட் எ லோட் ஆஃப் காப்ளர்ஸ்" என்பதும் 'எவ்வளவு உளறல்' என்றே முடியும். இதைவிட நமக்கு நெருக்கமான முகமூடி ஒன்று உண்டு. 2003-இல் பிரிட்டிஷ் வெளியுறவு அமைச்சர் ஜாக் ஸ்ட்ரா, ஈராக் பற்றித் தம் அரசு தயாரித்த ஓர் ஆவணத்தைக் குறித்து, அது 'முழு ஹார்லிக்ஸ்' ஆகிவிட்டது என்றார். ஒலி ஒத்திருப்பதால் பாலக்ஸ் என்று சொல்லக் கூச்சப்படுகிறவர்கள் அந்த இடத்தில் ஹார்லிக்ஸ் என்று சொல்லித் தப்பிப்பது அங்கே பழைய வழக்கம். இதை அப்படியே தமிழில் எழுதினால், காய்ச்சல் விட்ட பிள்ளைக்கு ஹார்லிக்ஸ் கலக்கிக் கொடுத்து வளர்ந்த நம் வாசகர் அந்த ஆவணம் சத்தானது என்றே எடுத்துக்கொள்வார். 'முழுச் சொதப்பல்' என்று எழுதிவிடுங்கள்.