காரைக்குடி பக்கம் டாக்குமெண்டரி விழா போடணுமா, மொதல்ல பங்காளிகளைப் பிடிங்க

டாக்குமெண்டரி தயாரிப்பாளர்னா கேமரா பக்கத்துல கூலிங்கிளாஸ் போட்டு நிப்பாருன்னு ஊர்ல நெனைக்கிறாங்க. நான் பாதி நாள் போன்ல அனுமதி கேட்டுக்கிட்டும் மீதி நாள் பில்லை நோட்டுல ஒட்டிக்கிட்டும்தான் இருக்கேன், விழா நடத்துறதும் அதே பொழப்புதான், கேக்க வேண்டிய ஆளு மட்டும் ஜாஸ்தி. நம்ம பக்கம் ரெண்டு நாள் விழா ஒண்ணு போடலாம்னு இருக்கவங்களுக்கு எனக்குத் தெரிஞ்சதைச் சொல்றேன்.

மொதல்ல எடம். எல்லாருக்கும் பெரிய வீட்டு வளவுல, அதான் நடு முற்றத்துல, திரை கட்டணும்னு ஆசை வரும், ஆனா அந்த வீடு ஒருத்தருக்கு மட்டும் சொந்தம் கெடையாது. பங்காளி ஒருத்தர் சென்னையில, ஒருத்தர் சிங்கப்பூர்ல, ஒருத்தர் எங்கன்னே தெரியாது. மொத வருஷம் நான் ஒரே ஒரு பங்காளிகிட்ட கையெழுத்து வாங்கிட்டு போஸ்டரும் அடிச்சிட்டேன், விழாவுக்கு மொத நாள் காலையில இன்னொருத்தர் வந்து "யாரைக் கேட்டுத் தம்பி இதெல்லாம் கட்டுறீக"ன்னு கதவைச் சாத்திட்டாரு, அவர் கேட்டதுலயும் தப்பில்ல. கோலாலம்பூர்ல இருக்க ஆச்சி ஒருத்தவங்க போன்ல பேசி சமாதானம் பண்ணித்தான் சாவி திரும்பக் கைக்கு வந்துச்சு. அதனால பங்காளிங்க பேரை மொத்தமா எழுதி வாங்கி ஒவ்வொருத்தருக்கும் தனித்தனியா பேசுங்க. எந்தக் கட்டு வரைக்கும் ஆளு போகும், ஜெனரேட்டர் எங்க நிக்கும், சாமி அறைப் பக்கம் யாரும் வரமாட்டாங்க, செவத்துல ஒரு ஆணி அடிக்க மாட்டோம், இதையெல்லாம் பேப்பர்ல எழுதிக் குடுங்க.

அடுத்த தலைவலி சத்தம். முட்டைப் பூச்சு செவரு, ஆத்தங்குடிக் கல்லு தரை, எல்லாமே வழவழன்னு இருக்கதால பேச்சு சுத்திச் சுத்தி எதிரொலிக்கும், வெறும் ஹால்ல டெஸ்ட் பண்ணுனா ஒரு வார்த்தை வெளங்காது. பந்தல் கடையில சேரோட சேத்து ஜமுக்காளமும் நெறைய எடுத்துத் தரையில விரிங்க, பின் செவத்துல கனமான துணியைக் கயித்துல தொங்க விடுங்க, ஒரே பெரிய ஸ்பீக்கரை அலற விடாம நாலு சின்ன ஸ்பீக்கரைக் கம்மியா வைங்க. எந்தப் படமா இருந்தாலும், தமிழ்ப் படத்துக்கும்தான், சப்டைட்டில் கேட்டு வாங்கிடுங்க. வளவு மேல தெறந்து கெடக்கதால பொழுது சாயாம திரையில படம் தெரியாது, பகல் காட்சிக்கு காலேஜ் ஆடிட்டோரியம்தான் வசதி.

தேதி விஷயத்துல தைப்பூசத்தை ஒட்டி வச்சிடாதீங்க, பாதி ஊரு காவடியோட பழனிக்கு நடந்துக்கிட்டு இருக்கும். முகூர்த்த நாள்ல சமையக்காரரும் கெடைக்க மாட்டாரு சேரும் கெடைக்காது. ஆறரைன்னு போட்டா ஆறரைக்கு ஆரம்பிங்க, கம்பன் விழா பாத்து வளந்த ஊரு இது, லேட்டா ஆரம்பிச்சா மூஞ்சிக்கு நேரா கேப்பாங்க.

பேப்பர் வேலை போர்தான், ஆனா விட முடியாது. பொதுமக்களுக்குக் காட்டுற படத்துக்கு சென்சார் சர்ட்டிபிகேட் வேணும், 1952 சட்டம். விழாவுக்கு மட்டும் மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்துல விலக்கு வாங்கலாம், அதுக்குப் படங்களோட பட்டியல், கதைச் சுருக்கமெல்லாம் குடுக்கணும், பார்வையாளர்களையும் பேர் பதிஞ்சுதான் உள்ள விடணும். ரெண்டு மூணு மாசம் முன்னாடியே ஆரம்பிச்சிருங்க. இதுக்கு மின்னாடி ஒரு தடவை மதுரை டாக்குமெண்டரி விழாவுக்குப் போயி பின்பக்கமா நின்னு வேலை பாருங்க, 1998ல இருந்து சின்ன பட்ஜெட்லயே ஓட்டிக்கிட்டு இருக்காங்க. திருவனந்தபுரத்துலயும் மும்பையிலயும் நடக்குறது அரசாங்க விழா, அந்த அளவைப் பாத்து பயந்துக்காதீங்க.

காசு. படம் எடுத்தவங்களுக்கு சின்னத் தொகையாவது குடுங்க, சாப்பாட்டுக்கு லட்சம் செலவு பண்ணிட்டு டைரக்டருக்கு பொன்னாடை மட்டும் போத்துறது எனக்குப் பிடிக்காது. ஸ்பான்சர் கேட்டுப் போறப்ப வெறும் ஆர்வத்தோட போகாதீங்க, நம்மாளுங்க வட்டிக்கடை பரம்பரை, வரவு செலவுதான் மொதல்ல பாப்பாங்க. கூடவே நம்ம பக்கத்து கோட்டையூர் ஏ.கே. செட்டியார் கதையைச் சொல்லுங்க. 1937ல கப்பல்ல போறப்ப காந்தியைப் பத்திப் படம் எடுக்கணும்னு தோணி, நாடு நாடா அலைஞ்சு யார் யாரோ எடுத்து வச்சிருந்த ஃபிலிமைத் தேடித் தேடிச் சேத்து, அதுல இருந்து வெட்டி எடுத்து 1940ல வெளியிட்டாரு. அதைத்தான் இப்ப ஆர்கைவ் புரொடியூசர்னு ஸ்டைலா சொல்றோம். அந்த ஊருக்காரங்ககிட்டதான் கேக்குறோம்னு ஞாபகப்படுத்துனா பேச்சு கொஞ்சம் எளகும்.

படத்தை லிங்க்ல நம்பாதீங்க, ரெண்டு ஹார்டு டிஸ்க்ல வாங்கி நீங்க போடப்போற அதே லேப்டாப்ல, அதே புரொஜெக்டர்ல கடைசி வரைக்கும் ஓட்டிப் பாருங்க. கரெண்டு போனா ஜெனரேட்டர் எடுக்குறதுக்குள்ள லேப்டாப்பு தாங்கும், புரொஜெக்டர் அணைஞ்சிரும், அதுக்கு ஒரு யுபிஎஸ் கட்டாயம். இடைவேளையில வெள்ளைப் பணியாரமும் காரச் சட்னியும் போதும், ஆனா வளவுக்குள்ள சாப்பிட விடாதீங்க, ஆத்தங்குடிக் கல்லுல எண்ணெய்க் கறை புடிச்சா லேசுல போகாது.

முடிஞ்ச மறுநாள் வீட்டைக் கழுவித் தொடச்சு, காவக்காரரைக் கூட்டிட்டுப் போயி ஒவ்வொரு அறையா காட்டி, அதை வீடியோ எடுத்து பங்காளிங்க குரூப்ல போட்டுட்டு அப்புறமா சாவியைக் குடுங்க. அந்த வீடியோவுக்கு ஆச்சி தம்ஸ்அப் போட்டாங்கன்னா அடுத்த வருஷத் தேதியை அன்னைக்கே கேட்டு வச்சிருங்க.