சவூதிக்கு ஆடு மேய்க்கும் வேலையா? கஃபீலிடம் (அங்கே விசா கொடுத்து வேலைக்கு எடுக்கும் முதலாளியிடம்) சிக்காமல் இருக்க

"கம்பெனி விசா, கிளீனர் வேலை" என்று அனுப்பிவிட்டு, ரியாத்தில் இறங்கியதும் பிக்கப்பில் ஏற்றிப் பாலைவனத்து மஸ்ராவில் (பண்ணையில்) விடுவது பழைய ஏமாற்று. பணம் கட்டும் முன் விசா நகலை வாங்கி, அரபி படிக்கத் தெரிந்தவரிடம் காட்டுங்கள். தொழில் என்ற இடத்தில் 'ராஈ' என்றிருந்தால் ஆடு, ஒட்டகம் மேய்க்கும் வேலைதான். ஏஜென்ட் வாய்ப்பேச்சு செல்லாது. 2021 மார்ச்சில் அங்கே வந்த தொழிலாளர் சீர்திருத்தத்தில் மேய்ப்பரும் வீட்டு டிரைவரும் சேரவில்லை. அதனால் கஃபீலை மாற்றுவது அவர்களுக்கு அவ்வளவு சுலபமில்லை.

ஈ.சி.ஆர். பாஸ்போர்ட்டுக்கு (பொதுவாகப் பத்தாம் வகுப்பு முடிக்காதவர்களுக்குத் தருவது) இ-மைக்ரேட் என்ற மத்திய அரசு இணையதளம் வழியே அனுமதி கட்டாயம். பதிவுபெற்ற ஏஜென்ட் வாங்கலாம் என்று அரசு வைத்திருக்கும் உச்ச வரம்பு 30,000 ரூபாய், ஜிஎஸ்டி சேர்த்தால் 35,400. லட்சக்கணக்கில் வட்டிக்கு வாங்கிக் கொடுத்துவிட்டுப் போனால், சம்பளம் வராவிட்டாலும் ஊர் திரும்ப மனசு வராது. கஃபீலுக்கு அதுவே வசதி. விசிட் விசாவில் துபாய் போய் அங்கிருந்து சவூதிக்குப் போகும் வழியும் வேண்டாம். இ-மைக்ரேட்டில் உங்கள் பெயரே இருக்காது, 10 லட்ச ரூபாய் காப்பீடும் கிடைக்காது.

மஸ்ரா போய்ச் சேர்ந்த அன்றே வாட்ஸ்அப்பில் லொகேஷனை வீட்டுக்கு அனுப்புங்கள். கஃபீலின் பெயர், போன், வண்டி எண்ணும் வேண்டும். பிறகு சார்ஜோ சிக்னலோ இருக்குமா என்பது நிச்சயமில்லை. 90 நாளுக்குள் இக்காமா (அங்கே தங்கும் அனுமதி அட்டை) எடுத்துத் தருவது கஃபீலின் பொறுப்பு, செலவும் அவருடையது. "சம்பளத்தை ஊருக்குப் போகும்போது மொத்தமாகத் தருகிறேன்" என்றால் முதல் மாதமே கேட்டுவிடுங்கள். பாக்கி ஏற ஏற அவர் பிடி இறுகும். வாங்கிய தொகையைத் தேதியோடு குறித்து, மாதாமாதம் போட்டோ எடுத்து அனுப்புங்கள்.

அடி, பட்டினி என்றாலும் நினைத்த மாத்திரத்தில் நடந்தே கிளம்பிவிடாதீர்கள். கோடையில் தண்ணீரில்லாமல் வழி தவறினால் உயிர் போகும். கஃபீல் 'ஹுரூப்' (வேலையை விட்டு ஓடிவிட்டார் என்ற புகார்) கொடுத்துவிட்டால் சட்டப்படி ஓடிப்போனவர் ஆகிவிடுவீர்கள்; சம்பளம் கேட்கப் போன இடத்திலேயே பிடிபடலாம். முதலில் ரியாத் இந்தியத் தூதரகத்துக்கோ ஜித்தா துணைத் தூதரகத்துக்கோ தகவல் போகட்டும். அதே நாளில் வீட்டார் வெளியுறவு அமைச்சகத்தின் 'மதத்' இணையதளத்தில் பாஸ்போர்ட் எண், லொகேஷனோடு புகார் பதிந்து, நகலைக் கலெக்டர் அலுவலகத்திலும் அயலகத் தமிழர் நலத்துறையிலும் கொடுக்க வேண்டும். போன் பறிபோயிருந்தால் தண்ணீர் லாரி டிரைவரைப் பிடியுங்கள். வெளியாள் என்று மஸ்ராவுக்கு அடிக்கடி வருபவர் அநேகமாக அவர் ஒருவர்தான். வீட்டு நம்பரைச் சீட்டில் எழுதித் தயாராக வைத்திருங்கள்.

எக்ஸிட் (ஊர் திரும்பும் அனுமதி) அடிக்கும் நேரத்தில் அரபித் தாள் ஒன்றை நீட்டுவார்கள். பெரும்பாலும் அது 'சம்பளம் முழுதும் பெற்றுக்கொண்டேன்' என்ற ரசீது. பணத்தை எண்ணி வாங்காமல் கைநாட்டு வைக்காதீர்கள்.