பையன் கையே வைக்கவில்லை, ஆனால் கொலை வழக்கில் பெயர் இருக்கிறது: முதலில் செய்ய வேண்டியவை

கோத்தகிரியில் ஒரு வக்கீலிடம் குமாஸ்தாவாக இருக்கிறேன். அடிதடியில் ஒருவர் இறந்து நான்கு பேர் மேல் வழக்குப் பதிவானால், நான்கு வீட்டுக்காரர்களும் ஒரே வார்த்தையோடுதான் வருவார்கள்: "அண்ணே, எங்க பையன் சும்மா நின்னுட்டு இருந்தான், கையே வைக்கல." அது உண்மையாகவே இருக்கலாம், ஆனால் அது மட்டும் போதாது. கை வைத்தானா என்பதோடு, கை வைத்தவனோடு சேர்ந்து என்ன நினைத்து அங்கே போனான் என்பதையும் கோர்ட் பார்க்கும்.

முதல் வேலையாக எஃப்.ஐ.ஆர். நகலை எடுங்கள். பெரும்பாலும் தமிழ்நாடு காவல்துறை இணையதளத்திலேயே கிடைக்கும். கதையைப் படிக்கும் முன் பிரிவு எண்களைப் பாருங்கள். இப்போதைய குற்றச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவில் 103(1) என்றால் கொலை. பக்கத்தில் 3(5) இருந்தால் 'பொது எண்ணம்', அதாவது சேர்ந்து ஒரே எண்ணத்தோடு செய்தது, அதற்கு இரண்டு பேர் போதும். 190 இருந்தால் 'சட்டவிரோதக் கூட்டத்தின் பொது நோக்கம்', அதற்குக் குறைந்தது ஐந்து பேர் வேண்டும். (2024 ஜூலை 1க்கு முன் நடந்த சம்பவம் என்றால் பழைய இந்திய தண்டனைச் சட்ட எண்கள்தான்: 302, 34, 149.) நான்கு பெயரை எழுதிவிட்டு "மற்றும் சிலர்" என்று ஒரு வரி சேர்த்திருக்கிறார்களா என்று விரல் வைத்துத் தேடுங்கள், ஏனென்றால் அந்த ரெண்டு வார்த்தையில்தான் நான்கு பேர் ஐந்துக்கு மேல் ஆகிறார்கள், அந்த 'சிலர்' உண்மையில் இருந்தார்களா என்பதே விசாரணையில் பெரிய கேள்வியாக வந்து நிற்கும்.

பொது எண்ணம் என்றால் பத்து நாள் உட்கார்ந்து போட்ட திட்டம் என்று நினைத்துவிடாதீர்கள், சம்பவ இடத்திலேயே நொடியில்கூட உருவாகலாம். 1923இல் கல்கத்தா சங்கரிடோலா தபால் ஆபீஸில் கொள்ளையடிக்கப் போன கும்பல் போஸ்ட்மாஸ்டரைச் சுட்டுக் கொன்றது. நான் வெளியே முற்றத்தில்தான் நின்றேன் என்றார் அந்த வழக்கில் சிக்கிய பரேந்திர குமார் கோஷ். அப்போது இந்திய வழக்குகளுக்குக் கடைசி அப்பீல் மன்றமாக லண்டனில் இருந்த பிரிவி கவுன்சில் ஏற்கவில்லை, காவல் நிற்பதும் செயலில் ஒரு பங்குதான் என்றது. அதே பிரிவி கவுன்சில் 1945இல் மஹ்பூப் ஷா வழக்கில் வேறு மாதிரி தீர்த்தது. சிந்து நதிக்கரையில் நாணல் வெட்டியதில் வந்த தகராறு, துப்பாக்கியோடு வந்த இரண்டு பேரும் சுட்டார்கள், மஹ்பூப் ஷா சுட்டதில் அல்ல, இன்னொருவர் சுட்டதில்தான் ஆள் இறந்தார். இருவருக்கும் ஒரே மாதிரி எண்ணம் இருந்திருக்கலாம், ஆனால் அது சேர்ந்து கொண்ட எண்ணம் என்று நிரூபிக்கப்படவில்லை என்று சொல்லி மஹ்பூப் ஷாவைக் கொலைக் குற்றத்திலிருந்து விடுவித்தது. உங்கள் வக்கீல் பிடிக்கப் போகும் நூல் பெரும்பாலும் இதுதான்.

நம்ம ஊர்க் கணக்கில் சொல்கிறேன். தேயிலைத் தோட்டத்தில் வேலை செய்கிறவன் கையில் கவாத்துக் கத்தி இருப்பது அதிசயம் இல்லை. வேலை முடிந்து இறங்கும் வழியில் இலை எடை போடும் இடத்தில் வாய்த்தகராறு முற்றி, ஒருவன் திடீரென்று கத்தியை ஓங்கினால், கூட நின்றவனுக்கு அது முன்பே தெரியும் என்று எப்படிச் சொல்வது? அதே கத்தியை ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் வீட்டிலிருந்து எடுத்து ஜெர்கினுக்குள் வைத்துக்கொண்டு மூன்று பேர் ஒரே ஜீப்பில் போனார்கள் என்றால் நிலைமையே வேறு. அதனால் பையனிடம் கேட்க வேண்டியது: யார் கூப்பிட்டது, எதற்கென்று சொன்னார்கள், யார் கையில் என்ன இருந்தது, அது உனக்கு எப்போது தெரிந்தது, அடி விழுந்ததும் தடுத்தாயா, பிடித்துக்கொண்டாயா, ஓடினாயா, யாரோடு ஓடினாய்? பதிலை அவன் வக்கீலிடம் மட்டும் சொல்லட்டும், தேன் தடவாமல் சொல்லட்டும்.

நான்கு பேருக்கும் ஒரே வக்கீல் வைத்தால் செலவு குறையும் என்று உறவுக்காரர்கள் சொல்வார்கள். கேட்காதீர்கள். வெட்டியது முதல் எதிரிதான் (குற்றம் சாட்டப்பட்டவரைக் கோர்ட்டில் 'எதிரி' என்பார்கள்) என்று மூன்றாவது எதிரிக்காக வாதாட வேண்டி வந்தால் அந்த வக்கீல் என்ன செய்வார்? கொலைக்கு எல்லோருக்கும் ஒரே குற்றம்தான் என்ற கட்டாயமும் இல்லை, ஒரே செயலில் ஒருவருக்குக் கொலையும் இன்னொருவருக்கு அதைவிடக் குறைந்த குற்றமும் ஆகலாம் என்று 3(9) சொல்கிறது.

சாட்சி வீட்டுப் பக்கம் போகவே கூடாது, சமாதானம் பேசக்கூடப் போகாதீர்கள். வாட்ஸ்அப்பில் எதையும் அழிக்காதீர்கள். டீக்கடை சிசிடிவியில் பழையது மேல் புதியது பதிந்துகொண்டே போகும், அதனால் அந்தப் பதிவைப் பாதுகாக்கச் சொல்லி இந்த வாரமே மனுப் போடச் சொல்லுங்கள்.

அப்புறம் காலண்டரை எடுத்து ரிமாண்ட் ஆன நாளை வட்டம் போடுங்கள். அந்த நாளையும் சேர்த்து 90 நாளுக்குள் குற்றப்பத்திரிகை தாக்கல் ஆகவில்லை என்றால் ஜாமீன் உரிமை, ஆனால் அது தாக்கல் ஆவதற்குள் மனு உள்ளே போயிருக்க வேண்டும். விசாரணை எப்படியும் ஊட்டி செஷன்ஸ் கோர்ட்டில்தான் நடக்கும். கையில் காசு இல்லாவிட்டால் இலவச சட்ட உதவி எண்ணான 15100க்குப் போன் செய்யுங்கள். காவலில் இருப்பவருக்கு வருமானம் எவ்வளவாக இருந்தாலும் இலவச வக்கீல் கேட்க உரிமை உண்டு.