உச்சி வெயிலில் ஒளிப்பதிவு: யாழ்ப்பாணத்துச் சிறு குழுக்களுக்கு

ஏப்ரல் நடுவிலும் ஓகஸ்ட் கடைசியிலும் யாழ்ப்பாணத்தில் நண்பகல் சூரியன் நேர் உச்சியில் நிற்கும். புருவ நிழல் விழுந்து கண் இரண்டும் குழியாகிவிடும். கண் தெரியாத முகத்தில் நடிப்பும் தெரியாது. அதனால் அட்டவணை போடும்போதே வெளிக்காட்சிகளைக் காலை 9 மணிக்கு முன்னும் மாலை 4 மணிக்குப் பின்னும் ஒதுக்கிவிடுங்கள். இடைப்பட்ட நேரம் விறாந்தைக்கு. காசில்லாத படத்துக்கு அதைவிட நல்ல லைற் கிடைக்காது.

நடிகரை விறாந்தை விளிம்பிலிருந்து மூன்று, நான்கு அடி உள்ளே நிறுத்துங்கள். உச்சி வெயிலைக் கூரை மறைத்துவிடும், முற்றத்து மணலில் பட்டுத் தெறிக்கும் ஒளி மட்டும் முகத்துக்கு வரும். அது கீழிருந்து வருவதால் நாடியும் மூக்கின் அடிப்பக்கமும் வெளிச்சமாகித் தெரியும். அப்போது முற்றத்தில் கறுப்புத் துணி விரித்து, பக்கவாட்டில் வெயில் படும் இடத்தில் ஒரு ரெஜிஃபோம் (வெள்ளைத் தெர்மோகோல்) தட்டைக் கண் மட்டத்துக்கு மேலே பிடியுங்கள். கறுத்த நிற முகத்துக்கு வெளிச்சத்தைக் கூட்டிக்கொண்டே போவது பெரிய பிழை. தட்டை இன்னும் கிட்டக் கொண்டுவாருங்கள். அப்போது தோலில் விழும் அகன்ற மினுக்கம்தான் முகத்துக்கு வடிவம் தரும்.

வெயிலில் எடுத்தே ஆகவேண்டுமென்றால்: செக்கனுக்கு 25 ஃபிரேம், ஷட்டர் 1/50 செக்கன், ஐஎஸ்ஓ (கமராவின் ஒளி உணர்திறன்) 800. பின்னணி மங்க லென்ஸ் துவாரம் எஃப் 4 வேண்டுமானால் 8 ஸ்ரொப் (ஒவ்வொன்றும் ஒளியைப் பாதியாக்கும்) குறைக்க வேண்டும், அதாவது என்டி (ஒளியைக் குறைக்கும் கறுப்பு ஃபில்ரர்) 2.4. என்டி 1.8 மட்டும் கையில் இருந்தால் எஃப் 8இல்தான் நிற்பீர்கள். பின்னாலுள்ள பனங்கூடலும் நன்றாகத் தெளிந்து முகத்தோடு போட்டி போடும். ஷட்டரை 1/1000க்கு ஏற்றித் தப்பப் பார்க்காதீர்கள், அசைவு வெட்டி வெட்டித் தெரியும். சுழற்றும் என்டியை அகன்ற லென்ஸில் கடைசி எல்லைவரை திருப்பினால் வானத்தில் கறுப்புச் சிலுவை விழும். மலிவான கடும் என்டி அகச்சிவப்பை விட்டுவிடுவதால் கறுப்பு உடை பழுப்பாகும்.

வெள்ளை வேட்டியை முதல்நாளே தேயிலைச் சாயத்தில் நனைத்துக் காயவையுங்கள். வெயிலில் வெளிறிப்போன வெள்ளையை பிறகு செய்யும் எந்தக் கிரேடிங்கும் (நிறத் திருத்தமும்) மீட்காது.

பண்ணைக் கடலோரம் சூரியன் மறைந்தபின் உருப்படியான வெளிச்சம் ஏறத்தாழ 20 நிமிடம்தான். ஒத்திகையை அதற்கு முன்பே முடித்து, ஒரே ஒரு ஷொட் வைத்துக்கொள்ளுங்கள். உப்புக்காற்று படிவதால் ஒவ்வொரு ரேக்குக்கும் முன் ஃபில்ரரைத் துடையுங்கள். இரவில் 24 ஃபிரேமில் எடுத்தாலும் ஷட்டர் 1/50தான். மின்சாரம் 50 ஹேர்ட்ஸ், மாற்றினால் ரியூப்லைற் துடிக்கலாம்.

வேலை கேட்டு அனுப்பும் ஷோரீலில் (செய்த வேலையின் மாதிரி வீடியோவில்) அந்தி வானங்களை அடுக்கவேண்டாம். ஒரே காட்சியின் நாலைந்து ஷொட்டுகளைத் தொடர்ச்சியாக வையுங்கள். முகத்து வெளிச்சம் ஷொட்டுக்கு ஷொட்டு மாறுகிறதா என்றுதான் இயக்குநர் முதலில் பார்ப்பார்.