78 சூறாவளிக் காட்சி வேணுமா? பழைய படச்சுருள் தேடும் முறை

மட்டக்களப்பு, அம்பாறைப் பக்கத்துப் பழைய காட்சிகளை ஆவணப்படத்துக்காகத் தேடுகிறவர்கள் தடக்குப்படும் இடம் தேடல் பெட்டிதான். இன்றைய பெயரை அடித்துப் பார்த்து, ஒன்றும் இல்லையென்று விட்டுவிடுவார்கள்.

படி 1: அந்தக் காலத்துப் பெயரை அடியுங்கள். 1972 மே 22க்கு முந்தியதென்றால் 'சிலோன்'. அம்பாறை தனி மாவட்டமானது 1961இல். ஆகவே அதற்கு முந்திய இங்கினியாகல அணைக்கட்டு வேலையை மட்டக்களப்பு, கல்லோயா என்ற பெயர்களில் தேடுங்கள். அணையைக் கட்டியது மொரிசன் நுட்சன் என்ற அமெரிக்கக் கம்பெனி. அமெரிக்கக் காப்பகங்களில் அந்தப் பெயரையும் போட்டுப் பாருங்கள்.

படி 2: காட்சி உண்மைதானா? இதில் அவசரம் வேண்டாம். மட்டக்களப்பில் சூறாவளி அடித்தது 1978 நவம்பர் 23. இலங்கையில் ரீவி தொடங்கியதே 1979இல், ரூபவாஹினி அலைவரிசை 1982இல். எனவே உள்ளூரில் எடுத்ததென்றால் பெரும்பாலும் பிலிமாகத்தான் இருக்கும்; யாராவது வீடியோ கசெட்டில் தந்தால் அது பிறகு எடுத்த பிரதி, மூலத்தைக் கேளுங்கள். அதற்கு முதல் வருடம், 1977 நவம்பரில், ஆந்திராவிலும் பெரிய சூறாவளி. விழுந்த தென்னைகள் எல்லா ஊரிலும் ஒரே மாதிரித்தான். கடைப் பலகையை நிறுத்திப் பாருங்கள்: தெலுங்கா, தமிழா, சிங்களமா? வாகன இலக்கத் தகடும் உதவும்.

படி 3: கிளிப் எண், டைம்கோட் (காட்சி வரும் இடத்தைக் காட்டும் நேர எண்), உரிமையாளர் மூன்றையும் எக்செலில் எழுதுங்கள். இறக்கிய பைலின் பெயரை மாற்றவே வேண்டாம். பிறகு எதற்குக் காசு கட்டுவதென்று தெரியாமல் போகும்.

படி 4: அனுமதி. கசெட் வைத்திருப்பவர் வேறு, எடுத்தவர் வேறு. 2004 சுனாமிக் காட்சியை யூடியூப்பில் ஏற்றியவரின் சம்மதம் மட்டும் போதாது. திரைப்பட விழாவுக்கு மட்டும் வாங்குவது மலிவு, ஆனால் இணையத்தில் விடும்போது மறுபடி பேரம். அதனால் 'எல்லா ஊடகத்துக்கும்' என்ன விலையென்று முதல் நாளே எழுத்தில் கேட்டு வையுங்கள்.

படி 5: வீட்டுக் கசெட். கலியாண வீடு, கோயில் திருவிழாக் கசெட்டுகளில்தான் பழைய கல்லடிப் பாலமும் கடைத்தெருவும் பின்னணியில் கிடக்கும். டெக்கில் போடமுதல் கண்ணாடி வழியாகச் சுருளைப் பாருங்கள். வெள்ளைப் புள்ளியோ தூளோ தெரிந்தால் பூஞ்சணம், போடாதீர்கள். அது டெக்கின் ஹெட்டில் (நாடாவைப் படிக்கும் பகுதி) ஒட்டி அடுத்த கசெட்டுக்கும் பரவும். சுத்தமானதென்றால் அழிப்புத் தடுப்புத் துண்டை உடைத்துவிட்டு, கடைசிவரை ஓட்டித் திரும்பச் சுற்றி, 720க்கு 576, விநாடிக்கு 25 பிரேமில் பதியுங்கள். டீஇன்டர்லேஸ் (ஒன்றுவிட்டொன்றாகப் பதிந்த வரிகளை முழுப் படமாக்குவது) எடிட்டில் செய்யலாம், பதியும்போது வேண்டாம். மலிவான யூஎஸ்பி கருவிகள் பிரேமை விழுங்கி, சத்தத்தை வாயசைவிலிருந்து விலக்கிவிடும். எஸ்-வீடியோ இணைப்பு உள்ள பழைய டெக்குக்குச் செலவழிப்பது மேல்.

பின்னர் சேர்த்தது: கனடாவிலிருந்து சொந்தக்காரர் அனுப்பும் கசெட் பெரும்பாலும் என்டிஎஸ்சி (வட அமெரிக்க வீடியோ முறை). எங்கள் ஊர் 'பால்' (PAL) முறை டெக்கில் படம் உருளும், அல்லது கறுப்பு வெள்ளையாகத் தெரியும். கசெட் பழுதில்லை, எறிந்துவிடாதீர்கள். பால், என்டிஎஸ்சி இரண்டும் ஓடும் டெக் தேடுங்கள்.