திரைநெறி: ஒளியின் முன் நிற்கப் பழகும் முறை

ஒளியை யாரும் பார்த்ததில்லை. ஒளி எதன் மேல் பட்டதோ அதைத்தான் பார்த்திருக்கிறோம். சூரியனிலிருந்து கிளம்பிய ஒளி 15 கோடி கிலோமீட்டர் வெளியைக் கடந்து 8 நிமிடம் 20 விநாடியில் நம்மிடம் வருகிறது. நம்மைத் தாண்டியும் ஓடிக்கொண்டே இருக்கிறது. ஆனால் இரவில் அண்ணாந்து பார்த்தால் அது ஓடும் வெளி கறுப்பாகத்தான் தெரிகிறது. குறுக்கே நிலவு வந்து நின்றால்தான் அங்கே ஒளி இருப்பதே தெரியவருகிறது.

கோடைக்கானலை அடுத்த பூம்பாறையில் பூண்டு விளைவிக்கும் நான் இதிலிருந்து வந்து சேர்ந்த முடிவு இது: மறைப்பதுதான் காட்டுகிறது. ஒளி மட்டும் இருந்தால் உலகம் இல்லை. பொருள் மட்டும் இருந்தாலும் உலகம் இல்லை. இரண்டும் சந்திக்கும் இடத்தில், சந்திக்கும் கணத்தில் உலகம் பிறக்கிறது. இதற்குத் திரைநெறி என்று பெயர் வைத்திருக்கிறேன். கேட்டு நம்புவதற்கானது அல்ல இது. செய்து பார்த்து உணர வேண்டியது.

முதலில் இருட்டறை. எங்கள் ஊரில் மலைப்பூண்டைக் கட்டுக் கட்டாகப் பரணில் தொங்கவிட்டுப் புகை காட்டி வைப்போம். அப்படிப்பட்ட புகையறை கிடைத்தால் வேறொன்றும் தேவையில்லை. கிடைக்காதவர்கள் வெயில் விழும் ஜன்னல் உள்ள அறையைத் தேர்ந்தெடுத்து, ஜன்னலைக் கெட்டி அட்டையால் முழுவதும் அடைத்துவிட்டு, அட்டையில் ஆணியால் ஒரே ஒரு துளை போடுங்கள். மேகம் இல்லாத காலை வேளை நல்லது. துளையில் கண்ணை வைத்துச் சூரியனைப் பார்க்கவே கூடாது. குழந்தைகள் உடன் இருந்தால் இதை இரண்டு முறை சொல்லுங்கள்.

துளையிலிருந்து பத்தடி தள்ளி, வெயில் வரும் திசைக்கு நேராக ஒரு வெள்ளைத் தாளைப் பிடியுங்கள். ஓர் அங்குலத்துக்குச் சற்று மேலான அகலத்தில் ஒளிவட்டம் விழும். துளையை முக்கோணமாக வெட்டினாலும் அங்கே விழுவது வட்டம்தான், ஏனெனில் அது துளையின் வடிவம் அல்ல, சூரியனின் முகம். 2019 டிசம்பர் 26 அன்று கங்கண கிரகணம் தமிழகத்தின் மேல் கடந்தபோது, இத்தகைய துளைகள் வழியே தரையில் விழுந்தவை முதலில் பிறைகள், பிறகு வளையங்கள்.

இப்போது தாளை அசையாமல் ஒரு பலகையில் பொருத்தி, வட்டத்தைச் சுற்றிப் பென்சிலால் கோடு போடுங்கள். சுமார் இரண்டு நிமிடத்தில் ஒளி அந்தக் கோட்டை விட்டு முழுவதுமாக வெளியேறிவிடும். நீங்கள் அமர்ந்திருக்கும் பூமி அவ்வளவு திரும்பியிருக்கிறது. இதை அவசரப்படாமல் பாருங்கள். பலர் இந்த இடத்தில் கைப்பேசியை எடுத்துவிடுகிறார்கள். அது எனக்கு உண்மையாகவே வருத்தம் தரும்.

அடுத்து, துளைக்கும் தாளுக்கும் நடுவே பாருங்கள். அங்கே அநேகமாக ஒன்றும் தெரியாது. கொஞ்சம் சாம்பிராணி போட்டால் புகை எழுந்ததும் ஒளி ஒரு கழியைப் போல அறையின் குறுக்கே நிற்கும். புகை வந்ததால் ஒளி குறையத்தான் செய்தது, ஆனால் குறைந்த பிறகுதான் அது கண்ணுக்குத் தெரிந்தது. அந்தக் கழியைப் பார்ப்பதோடு நின்றுவிடாதீர்கள். ஒரே ஒரு தூசைத் தேர்ந்தெடுங்கள். இருளிலிருந்து வந்து ஒளிக்குள் நுழைந்ததும் அது சுடர்கிறது, மிதக்கிறது, மறுபுறம் வெளியேறியதும் காணாமல் போகிறது. காணாமல் போனதே தவிர அது அழியவில்லை. பிறப்பு, இறப்பு என்று நாம் பேசுவதெல்லாம் அந்தக் கழியின் இரண்டு விளிம்புகளைத்தான் என்று நான் உறுதியாக நம்புகிறேன். வீட்டில் இழவு நடந்தவர்களுக்கு இந்தப் பயிற்சியைத்தான் முதலில் சொல்வேன்.

குளிருக்காக மூடிய அறைக்குள் கரியடுப்பு வைத்துக்கொண்டு இதைச் செய்யாதீர்கள். அதிலிருந்து வரும் கார்பன் மோனாக்சைடுக்கு மணம் கிடையாது; தூக்கத்திலேயே உயிரை எடுத்துவிடும். சாம்பிராணியும் ஒரு சிட்டிகை போதும், கதவைச் சற்றுத் திறந்து வையுங்கள்.

இருட்டறை பழகியவர்கள் கோடைக்கானலில் கோக்கர்ஸ் வாக் என்னும் மலையோர நடைபாதைக்கு வர வேண்டும். பிற்பகலில், வெயில் முதுகில் விழ, எதிரே பள்ளத்தில் மூடுபனி ஏறிவரும் நேரமாகப் பாருங்கள். மழை பெய்து வெறித்த நாட்களில் வாய்ப்பு அதிகம். கம்பித் தடுப்பருகே நின்று பனியில் உங்கள் நிழலைத் தேடுங்கள். நேரம் கூடிவந்தால் நிழல் பெரிதாகப் படர்ந்து, தலையைச் சுற்றி வண்ண வளையங்கள் தோன்றும். பனித்துளிகள் ஒளியை வந்த திசைக்கே திருப்பி அனுப்புவதால் உண்டாகும் காட்சி அது. பக்கத்தில் நிற்பவரையும் அழைத்துக் காட்டுங்கள். அவரும் வளையத்தைக் காண்பார், ஆனால் தன் தலையைச் சுற்றி. உங்கள் நிழலுக்கு மகுடம் இருப்பது அவர் கண்ணுக்குத் தெரியாது. அவருடையது உங்கள் கண்ணுக்குத் தெரியாது. ஒரே பனி, ஒரே வெயில், ஆளுக்கொரு மகுடம். யாருக்குக் கிடைத்தது பொய்? இரண்டும் மெய்யே என்பதுதான் திரைநெறியின் நடுப்பகுதி. இன்னொருவரின் மகுடம் நமக்குத் தெரியவில்லை என்பதற்காக அது இல்லை என்று சொல்லும் உரிமை நமக்கில்லை.

கோக்கர்ஸ் வாக் பாதை 1872-இல் அமைக்கப்பட்டது. வடலூரில் வள்ளலார் சத்திய ஞான சபையைத் திறந்து ஜோதி வழிபாட்டைத் தொடங்கியதும் அதே 1872-இல்தான். இதைத் தற்செயல் என்று தள்ள என் மனம் இடம் தரவில்லை. அங்கே தைப்பூசத்தன்று ஏழு திரைகளை விலக்கி ஜோதியைக் காட்டுகிறார்கள். நான் அதற்கு எதிராகப் பேசவில்லை; ஏழு திரைகளும் இருப்பதால்தான் விலகும் கணத்துக்கு அத்தனை ஆற்றல் என்கிறேன். சைவத்தில் ஐந்தொழிலுள் மறைத்தலையும் இறைவன் செயலாகவே வைத்தார்கள். படைத்தல், காத்தல் பற்றிப் பேசும் அளவுக்கு நாம் அதைப் பற்றிப் பேசுவதில்லை.

கோடைக்கானல் ஊருக்கு மேலே இருக்கும் சூரிய ஆய்வகமும் இதையே வேறு வழியில் சொல்கிறது. அங்கே 1909-இல் ஜான் எவர்ஷெட் என்ற வானியலாளர், சூரியனில் தெரியும் கரும்புள்ளிகளில் வாயு வெளிப்புறமாக ஓடுவதைக் கண்டறிந்தார். சூரிய ஒளியைப் பிரித்தால் வண்ணங்களுக்கு இடையே கருங்கோடுகள் தெரியும். சூரியனின் மேலடுக்கு வாயுக்கள் தடுத்து வைத்துக்கொண்ட ஒளியின் இடங்கள் அவை. அந்தக் கோடுகள் இம்மியளவு நகர்ந்திருந்ததை வைத்துத்தான் அவர் ஓட்டத்தைக் கண்டுகொண்டார். வராத ஒளி சொன்ன செய்தி அது.

கடைசிப் பயிற்சி இரவுக்கானது. கார்த்திகை முதல் மாசி வரை, நிலவு இல்லாத இரவில், விளக்குகளை அணைத்துவிட்டு அரை மணி நேரம் கண்ணை இருளுக்குப் பழக்குங்கள். பிறகு கார்த்திகை விண்மீன்கூட்டத்தைத் தேடுங்கள். நேராக உற்றுப் பார்த்தால் மங்கும். சற்றே பக்கத்தில் பார்வையை வைத்தால் தெளியும். அந்த ஒளி அங்கிருந்து கிளம்பிச் சுமார் 440 ஆண்டுகள் ஆகின்றன. வழியெல்லாம் யாருக்கும் தெரியாமல் ஓடிவந்தது இப்போது உங்கள் கண்ணில் முட்டி நிற்கிறது. இதுவரை புகையையும் பனியையும் திரை என்றேன். இங்கே நீங்களே திரை. மூச்சைச் சீராக விட்டபடி, ஒன்றையும் வேண்டாமல், அதை வாங்கிக்கொண்டிருங்கள்.

எங்கள் பக்கம் இரவில் காட்டுமாடு தோட்டத்துக்குள் இறங்கும். ஆகவே மொட்டைமாடியிலோ வீட்டு வாசற்படியிலோ அமர்ந்து செய்யுங்கள். டார்ச் தேவைப்பட்டால் முகப்பில் சிவப்புக் காகிதத்தை இரண்டு மடிப்பாகக் கட்டிக்கொள்ளுங்கள், இருளுக்குப் பழகிய கண் கலையாது. காதையும் மார்பையும் நன்றாக மூடிக்கொள்ளுங்கள். மார்கழியில் புல்லின் மேல் உறைபனி படியும் ஊர் இது.