ஸெஃப்ரம் காக்ரனைப் பற்றி எழுதும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

ஸ்டார் ட்ரெக் என்ற அமெரிக்க அறிவியல் புனைகதைத் தொடர்களின் உலகில், ஒளியை விஞ்சிப் பயணிக்க வைக்கும் வார்ப் எஞ்சினை மனிதர்களுக்குத் தந்தவர் ஸெஃப்ரம் காக்ரன். 2063 ஏப்ரல் 5 அன்று ஃபீனிக்ஸ் என்ற கலத்தில் ஏறி ஒளியின் வேகத்தை எட்டியவர். அவரை அறிமுகப்படுத்தும் பல கட்டுரைகளும் காணொளிகளும் அவரை உயர்த்திப் பேச ஆசைப்பட்டே தடுக்கி விழுகின்றன. அவர் சாதாரண ஆள் என்பதில்தான் அந்தக் கதையின் உயிரே இருக்கிறது. அதை மறந்தால் தகவலும் பிசகும், கதையும் கெடும்.

‘வார்ப் பயணத்தை உலகங்களுக்கெல்லாம் முதலில் கண்டுபிடித்தவர்’ என்று எழுதிவிடுகிறார்கள். அவர் மனிதர்களில்தான் முதல்வர். வல்கன்கள் என்ற வேற்றுலக இனத்தாருக்கு அந்த நுட்பம் முன்பே கைவந்திருந்தது. அன்று அவர்களுடைய கலம் ஒன்று சூரியக் குடும்பத்தின் வழியாகப் போய்க்கொண்டிருக்கிறது. பூமி அவர்களுக்குப் பொருட்டே இல்லை. பின்தங்கிய இடம் என்று கடந்து போகவிருந்தவர்கள். ஃபீனிக்ஸ் விட்டுச் சென்ற வார்ப் தடத்தைக் கண்டதும் திசையைத் திருப்பி, ஃபீனிக்ஸ் புறப்பட்ட அமெரிக்க மாநிலமான மொன்டானாவில் அன்றிரவே வந்து இறங்குகிறார்கள். மனித குலம் முதன்முதலாக வேற்றுலகத்தாரின் கண்ணில் படுவதற்கு அந்த ஒரு தடம் போதுமானதாக இருந்தது. காக்ரனை ‘அண்டத்திலேயே முதல்வர்’ ஆக்கினால் இந்தக் காட்சிக்குப் பொருளே இல்லாமல் போய்விடும்.

அந்தப் பயணத்தில் அவர் வேறொரு நட்சத்திரத்துக்குப் போய் வந்தார் என்பதும் தவறு. போயிருக்கவே முடியாது. ஒளி நிலவைத் தொட ஏறத்தாழ 1.3 விநாடி எடுத்துக்கொள்கிறது. பக்கத்து நட்சத்திரமான ஆல்ஃபா சென்டாரியை எட்ட நான்கு ஆண்டுக்கு மேல் ஆகும். ஃபீனிக்ஸ் தொட்டது வார்ப் 1, அதாவது ஒளியின் வேகம். சிறிது நேரம் அந்த வேகத்தில் போய், பின்னால் பூமி ஒரு சிறு புள்ளியாகத் தெரிவதைப் பார்த்துவிட்டு, அன்றே திரும்பிவிடுகிறார். பக்கத்து நட்சத்திரத்துக்கு நாள்கணக்கில் போகும் காலம் பின்னால் வருவது.

இங்கே இன்னொரு கணக்குப் பிழையும் சேர்ந்துகொள்கிறது. வார்ப் 2 என்றால் ஒளியைப் போல் இரு மடங்கு, வார்ப் 5 என்றால் ஐந்து மடங்கு என்று சிலர் எழுதுகிறார்கள். முதல் தொடரின் அளவுகோலில் எண்ணை மூன்று முறை எழுதிப் பெருக்க வேண்டும் (2×2×2 என்பதுபோல்): வார்ப் 2 எட்டு மடங்கு, வார்ப் 5 நூற்று இருபத்தைந்து மடங்கு. அந்த வேகத்தில் ஆல்ஃபா சென்டாரி சுமார் 13 நாள் தூரம். பிற்காலத் தொடர்களில் அளவுகோலையே மாற்றி, வார்ப் 10 என்பதை முடிவிலி வேகமாக வைத்தார்கள். எந்தத் தொடரின் எண் என்று சொல்லாமல் மடங்கு போடாதீர்கள்.

அடுத்தது அவருடைய நோக்கம். ‘உலக அமைதிக்காகவே வார்ப் கலத்தைச் செய்தார்’ என்ற வரியைப் பல இடங்களில் பார்க்கிறேன். 1996இல் வந்த ‘ஸ்டார் ட்ரெக்: ஃபர்ஸ்ட் கான்டாக்ட்’ படம் இந்த எண்ணத்தை உடைப்பதற்கென்றே காட்சிகளை வைத்திருக்கிறது. மூன்றாம் உலகப் போர் முடிந்து பத்தாண்டு ஆகியிருக்கிறது. அறுபது கோடிப் பேர் இறந்திருக்கிறார்கள். குடித்துத் தள்ளாடும் காக்ரன், பணத்துக்காகத்தான் இதைச் செய்தேன் என்று வெளிப்படையாகச் சொல்கிறார். எதிர்காலத்திலிருந்து வந்தவர்களில் ஒருவர், உங்கள் பெயரில் பள்ளி இருக்கிறது, இதே இடத்தில் உங்களுக்குச் சிலை வரப்போகிறது என்று பூரிக்கிறார். காக்ரன் மிரண்டு காட்டுக்குள் ஓடுகிறார். அவரைச் சுட்டு மயங்க வைத்துத்தான் திரும்பக் கொண்டுவர வேண்டியிருக்கிறது. எனக்கு இந்தப் படத்தில் மிகவும் பிடித்த பகுதி இதுதான். சிலையாக நிற்கும் ஆளை வணங்க வந்தவர்களுக்கு உயிருள்ள ஆள் கிடைக்கிறார். அவரைத் தியாகியாக எழுதுபவர்கள், அவர் எதைக் கண்டு ஓடினாரோ அதையே மறுபடி அவர் தலையில் கட்டுகிறார்கள்.

ஏவுகணையைப் பற்றிய குழப்பமும் உண்டு. ஃபீனிக்ஸ் கலம் டைட்டன் 2 என்ற அணு ஏவுகணையின் மேல் பொருத்தப்பட்டுப் புறப்படுகிறது. ‘போர்க்கருவியில் மனிதன் விண்ணுக்குப் போவது வெறும் சினிமாக் கற்பனை’ என்று தள்ளிவிடாதீர்கள். 1965, 1966 ஆண்டுகளில் நாசாவின் ஜெமினி திட்டத்தில் பத்து முறை வீரர்களை விண்ணுக்குத் தூக்கிச் சென்றது டைட்டன் 2தான். அழிப்பதற்கென்று வடிவமைத்த ராக்கெட் ஆளைச் சுமந்தது நடந்த வரலாறு. படம் அதைத் தெரிந்தே பயன்படுத்துகிறது. மறுபக்கம், மொன்டானாவில் அப்படியொரு டைட்டன் 2 தளம் இருந்ததாக எழுதுவதும் பிழை. உண்மையான தளங்கள் அரிசோனா, கான்சாஸ், ஆர்கன்சா மாநிலங்களில் இருந்தன. 1987இல் கடைசி ஏவுகணையும் பணியிலிருந்து விலக்கப்பட்டது. மொன்டானாவில் இருப்பவை மினிட்மேன் ஏவுகணைகள். படத்தின் ஏவுதளக் காட்சிகளை எடுத்தது அரிசோனாவில் டூசான் நகருக்குத் தெற்கே, அருங்காட்சியகமாகிவிட்ட ஒரு பழைய தளத்தில்.

வாழ்க்கைக் குறிப்பு எழுதுபவர்கள்தான் அதிகமாகச் சிக்கிக்கொள்கிறார்கள். காக்ரன் முதலில் வந்தது 1967 நவம்பரில் ஒளிபரப்பான, முதல் தொடரின் ‘மெட்டமார்ஃபசிஸ்’ அத்தியாயத்தில். நடித்தவர் க்ளென் கார்பெட். அங்கே அவர் ‘ஆல்ஃபா சென்டாரியின் காக்ரன்’. 87 வயதில் விண்வெளியிலேயே சாக விரும்பிக் கிளம்பியவரை மேகம் போன்ற ஓர் உயிர் காப்பாற்றி, இளமையைத் திருப்பித் தந்து வைத்திருக்கிறது. 150 ஆண்டு கழித்து அந்தத் தொடரின் நாயகன் கேப்டன் கிர்க் அவரைக் கண்டுபிடிக்கிறார். அந்த அத்தியாயத்தின் கதைக்காலம் 2267. கணக்குப் போட்டால் காக்ரன் 2030 வாக்கில் பிறந்திருக்க வேண்டும். 2063இல் முப்பதுகளின் தொடக்கத்தில் இருக்க வேண்டும். படத்தில் அவராக நடித்த ஜேம்ஸ் க்ராம்வெலுக்கு அப்போது வயது 56. ஊரும் மொன்டானா ஆகிவிட்டது. ஏறக்குறைய முப்பது ஆண்டு இடைவெளியில் வெவ்வேறு எழுத்தாளர்கள் செய்த காக்ரன்கள் இவர்கள். பின்னாளில் ஆல்ஃபா சென்டாரியில் குடியேறியிருப்பார் என்று ரசிகர்கள் சொல்வது நல்ல சமாதானம். ஆனால் அதை ரசிகர்களின் ஊகம் என்று சொல்லி எழுதுங்கள். நான் இருவரையும் தனித்தனியே வைத்துத்தான் பார்க்கிறேன். இளமைக்கும் தனிமைக்கும் நடுவே தவிக்கும் அந்த 1967 மனிதரை, படத்தின் குடிகாரரோடு ஒட்டவைத்தால் இருவருமே மங்கிப்போகிறார்கள்.

கடைசியாக அறிவியல். மெக்சிகோவின் இயற்பியலாளர் மிகேல் அல்குபியேர் 1994இல் வார்ப் பயணம் பற்றி ஆய்வுக் கட்டுரை வெளியிட்டார். கலத்துக்கு முன்னால் வெளி சுருங்கி, பின்னால் விரிந்தால், உள்ளே இருப்பவர் ஒளியை முந்தாமலேயே தொலைதூரத்தை விரைவில் கடக்கலாம் என்பதை ஐன்ஸ்டைனின் சமன்பாடுகளுக்குள் நின்றே காட்டினார். ‘ஐன்ஸ்டைன் பொய்யானார்’ என்ற தலைப்புக்கு அதில் இடமே இல்லை. ‘காக்ரனின் எஞ்சின் உண்மையாகிவிட்டது’ என்பதற்கும் இல்லை. அதற்கு எதிர்ம ஆற்றல், அதாவது சுழியத்துக்கும் குறைவான ஆற்றல் வேண்டும், தேவையான அளவில் அதை உண்டாக்கும் வழி யாருக்கும் தெரியாது. காலக்கோடு வரைபவர்கள் 1994ஐயும் 2063ஐயும் ஒரே வரிசையில் அடுக்காதீர்கள். முதலாவது அச்சில் வந்த ஆய்வு, மற்றது கதைக்குள் நடக்கும் நாள்.